சிறு குழுவாக மரபு நடை: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

பழைய நகரப் பகுதிகளில் ஒரு வழிகாட்டியோடு சின்னக் குழுவாக நடந்து பார்ப்பது எனக்குப் பல வருடப் பழக்கம். சில வருடங்கள் நானே குழுக்களை அழைத்துக்கொண்டு நடந்ததும் உண்டு. புதிதாகக் கிளம்புகிறவர்கள் போனிலும் நேரிலும் கேட்பவை பெரும்பாலும் ஒரே சந்தேகங்கள்தான். கேள்விகளை அவர்கள் பேச்சிலேயே வைத்துவிட்டு எனக்குத் தெரிந்த பதிலை எழுதியிருக்கிறேன். மேலிருந்து வரிசையாகப் படித்தால் நல்லது. பின்னால் வரும் சில பதில்களுக்கு முன்னால் சொன்னது தேவைப்படும்.

மரபு நடைன்னா என்ன? ஊரைச் சுத்திப் பாக்குறதுக்கு இன்னொரு பேரா?

ஒரு பழைய பகுதியை, அதை நன்றாக அறிந்த ஒருவரோடு நடந்தே பார்ப்பதுதான் மரபு நடை. வழக்கமாக இரண்டு முதல் இரண்டரை மணி நேரம் ஆகும். நடக்கும் தூரம் 2 அல்லது 3 கிலோமீட்டர்தான். 10, 12 இடங்களில் நின்று பேசுவார்கள்.

பேருந்துச் சுற்றுலா கோட்டை வாசலிலும் அரண்மனை வாசலிலும் இறக்கிவிடும். நடை நிற்கும் இடங்கள் வேறு: அடைத்துப் பூசிய சன்னல், ஒரு பக்கம் மட்டும் தேய்ந்த படி, பெயர் மாறிய தெருப் பலகை. அகமதாபாத் பழைய நகரில் 1997-இல் தொடங்கிய நடையை எடுத்துக்கொள்ளுங்கள். காலுப்பூர் சுவாமிநாராயண் கோயிலில் புறப்பட்டு ஜும்மா மசூதியில் முடிகிறது. இரண்டுமே வண்டியில் போனாலும் பார்க்கக்கூடியவை. ஆனால் நடையின் உயிர் நடுவில் இருக்கிறது. 'போள்' எனப்படும் குறுகிய குடியிருப்புச் சந்துகளும், அங்கே பறவைகளுக்குத் தானியம் போடத் தூண் மேல் கட்டிய கூண்டுகளும் நடக்கிறவர் கண்ணுக்குத்தான் படும். 2017-இல் யுனெஸ்கோ அந்த நகரத்தை உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்த்ததற்கு அந்தச் சந்துகளும் ஒரு முக்கியக் காரணம்.

சிறு குழுன்னு போட்டிருக்காங்க. எத்தனை பேர் வரைக்கும் சிறு குழு?

என் கணக்கில் 8 முதல் 12 பேர். 15-ஐத் தாண்டினால் அதைச் சிறு குழு என்று சொல்ல எனக்கு மனம் வராது. 25 பேரைச் சேர்த்துவிட்டு அதே பெயரில் விற்பவர்கள் உண்டு. அதனால் பணம் கட்டுமுன் "அதிகபட்சம் எத்தனை பேரைச் சேர்ப்பீர்கள்?" என்று எண்ணாகவே கேட்டு வாங்குங்கள்.

எண்ணிக்கை ஏன் இவ்வளவு முக்கியம் என்றால், சந்தில் இருவர் இருவராகத்தான் நடக்க முடியும். 30 பேர் என்றால் 15 வரிசை. முதல் ஆள் வந்து நின்ற பிறகு கடைசி ஆள் வந்து சேர 2 நிமிடம் ஆகிறது என்று வையுங்கள். 12 நிறுத்தங்களுக்கு 24 நிமிடம் வெறும் காத்திருப்பிலேயே போய்விடும். அதைவிட எனக்குப் பெரிதாகத் தெரிவது இன்னொன்று. 30 பேர் நடுவில் கையைத் தூக்கிக் கேள்வி கேட்கப் பெரும்பாலானவர்களுக்குக் கூச்சம். 10 பேர் இருந்தால் நடந்துகொண்டே கேட்டுவிடுவார்கள். சிறு குழுவுக்குக் கூடுதலாகக் கொடுக்கும் பணம் அந்தக் கேள்விகளுக்காகத்தான்.

சில நகரங்கள் இதைச் சட்டமாகவே ஆக்கிவிட்டன. ஆம்ஸ்டர்டாம் மையப் பகுதியில் வழிகாட்டியோடு நடக்கும் குழுவுக்கு 15 பேர் உச்சவரம்பு. வெனிஸ் 2024-இல் 25 பேர் என்று வரம்பு வைத்து, ஒலிபெருக்கியையும் தடை செய்தது.

எவ்வளவு தூரம் நடக்கணும்? எனக்கு முட்டி வலி, சமாளிப்பேனா?

தூரத்தைப் பார்த்து யாரும் பயப்பட வேண்டாம். சிரமம் தருவது நிற்பதுதான். ஒவ்வோர் இடத்திலும் 5, 6 நிமிடம் அசையாமல் நின்று கேட்கும்போது முட்டியும் இடுப்பும் பிடித்துக்கொள்ளும். நன்றாக நடக்கக்கூடியவர்களே ஒரு மணி நேரத்தில் சுவர் தேட ஆரம்பித்துவிடுவார்கள்.

முன்கூட்டியே இந்த நாலு விஷயங்களைக் கேளுங்கள்: மொத்தம் எத்தனை படி ஏறி இறங்க வேண்டும், தரை சமமானதா உருண்டைக் கல் பாவியதா, நடுவில் உட்கார எங்கே இடம், கழிப்பறை எங்கே. சரியான வழிகாட்டிக்கு இந்த நாலும் மனப்பாடமாக இருக்கும். மடித்து எடுத்துப்போகும் சின்ன முக்காலி கொண்டுவந்தால் யாரும் தவறாக நினைக்க மாட்டார்கள். சக்கர நாற்காலியில் வருகிறவர் இருந்தால் பதிவு செய்யும்போதே சொல்லிவிடுங்கள். பாதையைக் கொஞ்சம் மாற்றினாலே பல நடைகள் சாத்தியமாகிவிடும். அன்று காலையில் சொன்னால் ஒன்றும் செய்ய முடியாது.

என்ன போட்டுக்கிட்டு வரணும்?

பழகிய காலணி. புது ஷூவை அன்றைக்குப் போடாதீர்கள். தண்ணீர், தொப்பி அல்லது குடை, கையில் எதுவும் தொங்காதபடி ஒரு பை. வழியில் வழிபாட்டு இடம் இருந்தால் உடை விதி, காலணி கழற்றுவது பற்றி முதல் நாளே கேட்டுக்கொள்ளுங்கள்.

மழை வந்தா காசு போச்சா?

தூறலுக்கு நடை நிற்காது. கனமழை, கடும் வெயில் எச்சரிக்கை என்றால் பெரும்பாலும் அவர்களே தள்ளிவைப்பார்கள். அவர்கள் ரத்து செய்தால் முழுப் பணமும் திரும்பக் கிடைக்கும் என்பதும், நீங்கள் ரத்து செய்தால் எத்தனை மணி நேரத்துக்கு முன் சொல்ல வேண்டும் என்பதும் எழுத்தில் இருக்க வேண்டும். வாய்ச்சொல் போதாது.

தனியா வரேன். மத்தவங்க குடும்பமா வந்தா சங்கடமா இருக்காதா?

முதல் கால் மணி நேரம் இருக்கலாம். பிறகு எல்லோரும் ஒரே பக்கம் அண்ணாந்து பார்த்துக்கொண்டிருப்பார்கள். யார் யாரோடு வந்தார் என்பது மறந்துபோகும். தனியாக வருகிறவர்கள்தான் அதிகம் கவனிக்கிறார்கள் என்பது நான் குழுக்களை நடத்தியபோது கண்டது.

சின்னப் பசங்களைக் கூட்டிட்டு வரலாமா?

8 வயதுக்கு மேல் என்றால் தாராளமாக. அதற்குக் கீழே குழந்தையைப் பொறுத்தது. 2 மணி நேர நடையில் ஒரு மணி நேரத்தோடு விலகிக்கொள்ளலாமா என்று முன்பே பேசிவைத்துக்கொள்ளுங்கள். பிள்ளைகளுக்கு ஏதாவது தேடக் கொடுத்தால் நன்றாக ஒன்றிவிடுவார்கள். "இந்தத் தெருவில் கல்லில் செதுக்கிய மிருகம் எத்தனை இருக்கு, எண்ணு" என்றால் போதும். பெரியவர்கள் பார்க்காமல் போனதை அவர்கள் காட்டிக் கொடுத்த நாட்கள் எனக்கு உண்டு.

போன்லயே எல்லாம் இருக்கு. ஆடியோ கைடும் இருக்கு. ஆள் எதுக்கு?

தகவல் மட்டும் போதுமென்றால் ஆள் தேவையில்லை. உங்கள் வேகத்தில் நடக்கலாம், பிடிக்காத இடத்தைத் தாண்டலாம். ஆடியோ கைடை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் அது உங்கள் கண் எங்கே நிற்கிறது என்று பார்க்காது, நீங்கள் கேட்காததைத் தூண்டவும் தூண்டாது.

வெனிஸ் சதுக்கங்களின் நடுவில் அழகாகச் செதுக்கிய கிணற்று வாய்கள் இருக்கும். எல்லோரும் படமெடுத்துவிட்டு நகர்வார்கள். "சுற்றிலும் உப்புத் தண்ணீர், நடுவில் நல்ல தண்ணீர்க் கிணறு எப்படி வந்தது?" என்று குழுவில் யாராவது ஒருவர் கேட்டால்தான் விஷயமே திறக்கும். அது ஊற்றுக் கிணறு அல்ல. சதுக்கத்துக்கு அடியில் களிமண் பூசிய பெரிய தொட்டி தோண்டி, மணலால் நிரப்பியிருப்பார்கள். தரையில் விழும் மழை கல்லில் விட்ட துளைகள் வழியே இறங்கி, மணலில் வடிந்து, நடுவில் உள்ள செங்கல் குழலில் சேரும். அந்தச் சதுக்கம் முழுவதுமே மழைநீர் பிடிக்கும் ஏற்பாடு. இதைக் கேட்ட பிறகு தரையைப் பார்க்காமல் யாரும் நடக்க மாட்டார்கள். எதிரில் ஆள் நின்றால்தான் இப்படிக் கேட்கத் தோன்றுகிறது.

நல்ல வழிகாட்டியான்னு பணம் கட்டுறதுக்கு முன்னாடியே எப்படித் தெரிஞ்சுக்கிறது?

முதலில் உரிமம். பல நாடுகளில் வழிகாட்டி வேலைக்குத் தேர்வும் உரிமமும் உண்டு. லண்டனில் 'புளூ பேட்ஜ்' எனப்படும் நீலச் சின்னம் அணிந்த வழிகாட்டிகள் நீண்ட பயிற்சிக்கும் பல தேர்வுகளுக்கும் பிறகே அதைப் பெறுகிறார்கள். உரிமம் இருந்தால் அடிப்படை அறிவுக்கு உறுதி. சுவையாகச் சொல்வாரா என்பதற்கு இல்லை.

அதனால் நான் இன்னொன்றும் செய்வேன். "இந்த நடையில் நீங்கள் எதைப் பற்றிப் பேசுவதில்லை?" என்று கேட்பேன். "எல்லாம் பேசுவோம்" என்றால் சந்தேகம். "இது 19-ஆம் நூற்றாண்டு வணிகர்கள் பற்றியது, கோட்டை வராது" என்பதுபோல வந்தால் அவர் யோசித்து வகுத்த நடை அது. விமர்சனங்களைப் படிக்கும்போதும் நட்சத்திரத்தை விடுங்கள். யாராவது தாங்கள் அறிந்துகொண்ட ஒரு குறிப்பான விஷயத்தை எழுதியிருக்கிறார்களா என்று பாருங்கள்.

'இலவச நடை'ன்னு போட்டிருக்கு. நிஜமாவே இலவசமா?

இந்தப் பெயரில் இரண்டு வேறு வேறு ஏற்பாடுகள் உண்டு. குழப்பிக்கொள்ள வேண்டாம்.

ஒன்று தன்னார்வலர்களுடையது. நகரங்களைப் பற்றி ஆழமாக எழுதிய ஜேன் ஜேக்கப்ஸ் 2006-இல் மறைந்த பிறகு, அவர் நினைவாக 2007-இல் டொரண்டோவில் தொடங்கிய நடைகள் இப்போது பல நாடுகளில் ஆண்டுதோறும் மே மாதத் தொடக்கத்தில் நடக்கின்றன. அங்கே வசிப்பவரே தன் தெருவைக் காட்டுவார், பணம் கிடையாது. நியூயார்க்கில் 1992-இல் தொடங்கிய தன்னார்வ வரவேற்பாளர் அமைப்பும் இந்த வகைதான்.

மற்றது, முடிவில் விரும்பியதைக் கொடுங்கள் என்னும் நடை. இங்கே வழிகாட்டிக்குச் சம்பளம் இருப்பதில்லை. பல இடங்களில் வந்த தலைக்கு இவ்வளவு என்று ஏற்பாட்டாளருக்கு அவரே கட்டவும் வேண்டும். நீங்கள் ஒன்றும் கொடுக்காமல் போனால் அவருக்குக் கைநட்டம். அதே பகுதியில் கட்டண நடைக்கு என்ன வாங்குகிறார்களோ, அதில் பாதிக்குக் குறையாமல் கொடுக்க மனமில்லை என்றால் இந்த நடைக்குப் போக வேண்டாம் என்பது என் கருத்து. கூட்டத்தைச் சேர்த்தால்தான் வருமானம் என்பதால் இந்த வகையில் சிறு குழு கிடைப்பதும் அரிது.

அப்போ கட்டணம் கட்டின நடைக்கும் டிப்ஸ் கொடுக்கணுமா?

நாட்டுக்கு நாடு வழக்கம் மாறும், போகுமுன் விசாரித்துக்கொள்ளுங்கள். கட்டாயமில்லாத இடத்தில், கேள்விகளுக்கு நேரம் எடுத்துப் பதில் சொன்னவருக்கு நான் கொடுப்பேன். எழுதிவைத்ததை ஒப்பித்தவருக்கு நன்றி மட்டும் சொல்வேன்.

பின்னாடி நிக்கும்போது ஒண்ணும் கேக்க மாட்டேங்குது.

12 பேருக்குள் என்றால் இது வரவே கூடாது. வந்தால் உடனே சொல்லுங்கள், கடைசியில் அல்ல. அனுபவமுள்ளவர் குழுவைச் சுவர்ப் பக்கமாக நிறுத்தி, தான் சாலைப் பக்கம் நின்று பேசுவார். சுவர் குரலைத் திருப்பிக் கொடுக்கும். வெயில் தன் கண்ணில் விழும்படி நின்று, கேட்பவர்களுக்கு முதுகில் விழ வைப்பார். காதில் மாட்டும் சின்ன ரிசீவர் தருகிறார்கள் என்றால் கேட்பது சுலபம். ஆனால் எல்லோரும் சிதறி நிற்கத் தொடங்கிவிடுவார்கள், கேள்வியும் குறைந்துவிடும்.

எனக்கு இங்கிலீஷ் அவ்வளவா வராது. வெளிநாட்டுல என்ன பண்றது?

முதல் நாள் இரவு அந்தப் பகுதியின் நாலு பெயர்களையும் மூன்று ஆண்டுகளையும் தாய்மொழியில் படித்து வைத்துக்கொள்ளுங்கள். பெயர் தெரிந்திருந்தால் பாதி புரிந்துவிடும். தொடங்கும்போதே "கொஞ்சம் மெதுவாகப் பேசுங்கள்" என்று சொல்லுங்கள். குழுவில் இன்னும் நாலு பேர் அதையே நினைத்துக்கொண்டிருப்பார்கள்.

நடுவுல ஒரு கடைக்குள்ள கூட்டிட்டுப் போய் அரை மணி நேரம் உக்கார வெச்சுட்டாங்க. இது சரியா?

எனக்கும் நடந்திருக்கிறது. கைவினைஞர் வேலை செய்வதைக் காட்டுவது நடையின் பகுதிதான். கதவைச் சாத்தி, விலைப்பட்டியலை நீட்டினால் அது கமிஷன். பதிவு செய்யும்போதே கேளுங்கள். உள்ளே மாட்டிக்கொண்டால் "நான் வெளியே நிற்கிறேன்" என்று சொல்லி வந்துவிடுங்கள். அந்த நேரத்தில் தெருவைப் பாருங்கள்.

போட்டோ எடுக்கலாமா?

கட்டடத்தை எடுக்கலாம், தடைப் பலகை இல்லாத வரை. திறந்த கதவுக்குள், துணி காயும் முற்றத்துக்குள், விளையாடும் குழந்தைகள் மேல் கேமராவை நீட்டாதீர்கள். ஆளை எடுக்க வேண்டுமென்றால் கேட்டுவிட்டு எடுங்கள். தலையசைத்து மறுத்தால் அத்தோடு விடுங்கள்.

ஜப்பானில் கியோட்டோவின் கியோன் பகுதியில், மரபான ஆடல் பாடல் கலைஞர்களான கெய்ஷாக்களைத் துரத்திப் படமெடுக்கும் தொல்லை முற்றி, 2024-இல் அங்குள்ள தனியார் சந்துகளைச் சுற்றுலாப் பயணிகளுக்கு மூடிவிட்டார்கள். மீறினால் 10,000 யென் அபராதம் என்று பலகை வைத்திருக்கிறார்கள்.

நாம கூட்டமா போறது அங்க குடியிருக்கிறவங்களுக்குத் தொல்லை இல்லையா?

தொல்லைதான். இதை மறைத்துப் பேசுகிற வழிகாட்டியை நான் நம்புவதில்லை. ஒரு குழு 5 நிமிடம் வாசலில் நிற்பது சின்ன விஷயம். ஒரு நாளைக்கு 20 குழுக்கள் அதே வாசலில் நின்றால், உள்ளே இருப்பவருக்கு அது வீடாகவே இருக்காது. ஆம்ஸ்டர்டாமில் சிவப்பு விளக்குப் பகுதியின் சன்னல்களை ஒட்டி நடந்த சுற்றுகளை 2020-இல் தடை செய்ததற்குக் குடியிருப்பவர்களின் அவதியும், அங்கே வேலை செய்யும் பெண்களைக் காட்சிப்பொருளாக்குவதும்தான் காரணம்.

நம்மால் ஆனது சில உண்டு. வாசலை விட்டுத் தள்ளி நிற்பது, நடக்கிறவருக்கு வழி விடுவது, காலை 8 மணிக்கு முன்னும் இரவிலும் குரலைத் தாழ்த்துவது. குழுவின் அளவைப் பற்றி மேலே சொன்னது இங்கேயும் பொருந்தும்: 10 பேர் ஒதுங்கி நிற்க ஓரம் கிடைக்கும், 30 பேருக்குக் கிடைக்காது. என் குழுவில் தெருக்காரர் யாராவது கடந்து போனால் பேச்சை நிறுத்தி வணக்கம் சொல்லச் சொல்வேன். அதனாலேயே பல கதவுகள் எங்களுக்குத் திறந்தன.

வழிகாட்டி சொல்றது தப்புன்னு தோணுச்சு. எல்லார் முன்னாடியும் சொல்லலாமா?

"இது நமக்கு எப்படித் தெரிய வந்தது?" என்று கேளுங்கள். அது குற்றச்சாட்டாக ஒலிக்காது. நல்ல வழிகாட்டி கல்வெட்டா, ஆவணமா, செவிவழிச் செய்தியா என்று பிரித்துச் சொல்வார். செவிவழிக் கதைக்கும் மதிப்பு உண்டு, அது கதை என்று சொல்லப்படும் வரை.

அரை உண்மைகள்தான் பழைய தெருக்களில் அதிகம் உலவுபவை. இங்கிலாந்தில் சன்னல் வரி 1696 முதல் 1851 வரை இருந்தது உண்மை. வரிக்குப் பயந்து சன்னல்களை அடைத்ததும் உண்மை. ஆனால் அடைத்த சன்னல் எதைப் பார்த்தாலும் "வரிக்காக" என்று சொல்வது தவறு. முகப்பு இரு பக்கமும் ஒத்திருக்க வேண்டும் என்று கட்டும்போதே போலிச் சன்னல் வைத்த வீடுகள் ஏராளம்.

நானும் தவறியிருக்கிறேன். ஒரு வளைவைக் காட்டி அது இருநூறு ஆண்டுப் பழையது என்று விளக்கிக்கொண்டிருந்தேன். எதிர் வீட்டுத் திண்ணையில் இருந்த பெரியவர் எழுந்து வந்து, "தம்பி, அது நான் பையனா இருந்தப்போ கட்டினது" என்றார். குழுவின் முன்னாலேயே அவரிடம் மன்னிப்புக் கேட்டு, மீதியை அவரையே சொல்லச் சொன்னேன். அன்றைய நடையில் எல்லோரும் நினைவில் வைத்திருப்பது அந்தப் பத்து நிமிடத்தைத்தான்.

அடிமை வியாபாரம், படுகொலை மாதிரி கசப்பான விஷயம் நடந்த இடத்துல நின்னு பேசுறது தேவையா? நாம பார்த்து மகிழத்தானே போறோம்?

தேவை என்று உறுதியாக நினைக்கிறேன். அழகான முகப்பை மட்டும் காட்டி, அதைக் கட்டிய பணம் எங்கிருந்து வந்தது, யார் அந்தத் தெருவிலிருந்து விரட்டப்பட்டார் என்பதை விட்டுவிட்டால் பாதித் தெருதான் பார்த்திருப்போம்.

ஜெர்மானிய நகரங்களில் நடக்கும்போது காலடியில் 10 சென்டிமீட்டர் சதுரப் பித்தளைத் தகடு பதித்த கற்கள் தெரியும். 'இடறு கற்கள்' என்று பெயர். குன்டர் டெம்னிக் என்ற கலைஞர் 1992-இல் தொடங்கியது. நாஜிகளால் பாதிக்கப்பட்டவர் கடைசியாகத் தானே விரும்பி வாழ்ந்த வீட்டின் முன் பதிப்பார்கள். பெரும்பாலும் "இங்கே வாழ்ந்தார்" என்று தொடங்கி, பெயர், பிறந்த ஆண்டு, நேர்ந்த முடிவு. படிக்க வேண்டுமென்றால் குனிந்தாக வேண்டும். இப்படிப்பட்ட இடத்தில் வழிகாட்டி நிறைய பேசத் தேவையில்லை. குழுவும் பேசாமல் ஒரு நிமிடம் நின்றாலே போதும்; செல்ஃபி வேண்டாம்.

பழைய நகரம்னு காசு கட்டிப் போனேன். எல்லாம் சமீபத்துல கட்டினதாம். ஏமாத்திட்டாங்களா?

எப்படிக் கட்டினார்கள், அதைச் சொன்னார்களா என்பதைப் பொறுத்தது. போலந்துத் தலைநகர் வார்சாவின் பழைய நகரத்தை இரண்டாம் உலகப் போரில் ஜெர்மானியப் படை ஏறக்குறைய தரைமட்டமாக்கியது. போருக்குப் பின் மக்கள் அதைத் திரும்பக் கட்டினார்கள். 18-ஆம் நூற்றாண்டில் பெர்னார்தோ பெலோத்தோ வரைந்த தெரு ஓவியங்களையும், மிஞ்சிய வரைபடங்களையும் வைத்துக்கொண்டு, இடிபாட்டில் கிடைத்த துண்டுகளையும் சேர்த்துக் கட்டியது அது. 1980-இல் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பிடித்ததும் அந்த மறுகட்டுமானத்துக்காகவே.

இதைச் சொல்லிவிட்டுக் காட்டினால் அது ஏமாற்று அல்ல. பழைய கல்லைவிடப் பெரிய வரலாறு. சொல்லாமல் "எல்லாம் ஆதிகாலத்தது" என்று காட்டினால் ஏமாற்றுதான். சந்தேகம் வந்தால் முன்பு சொன்ன அதே கேள்விதான்: நமக்கு எப்படித் தெரிய வந்தது?

ஒரு தடவை போன நடைக்கே திரும்பப் போறது வீண் செலவா?

வேறு வழிகாட்டியோடு, வேறு நேரத்தில் போனால் வீண் இல்லை. காலையில் போயிருந்தால் அடுத்த முறை மாலையில் போங்கள். உச்சி வெயிலில் மழுங்கித் தெரியும் செதுக்கல், வெயில் சாய்ந்து விழும்போது நிழல் கட்டி எழும்பி வரும். ஒரு நிலைவாசல் கல்லில் இருந்த எழுத்தை நான் இரண்டு நடைகளில் வெறும் கீறல் என்று நினைத்துத் தாண்டிப் போயிருக்கிறேன். மூன்றாவது நடையில், மாலை 5 மணி வெயிலில், அதைக் கட்டிய கொத்தனாரின் பெயர் என்று தெரிந்தது.